வெயிலை ஒத்துக்கொள்ளாத சந்து

சொர்ணம்மாளின் முளைப்பாரி செத்துப்போனதை முதலில் சொன்னது நாற்றம்தான். அம்மன் கோயில் கொடைத் திருவிழாவுக்கு இன்னும் ஒரு வாரம் இருந்தது. தண்ணீர் தெளிக்கச் செம்போடு மாளாவுக்கு ஏறியவள், மறைப்புச் சேலையை விலக்கியதும் அப்படியே நின்றுவிட்டாள். ஊறப்போட்டு மறந்துபோன பயறின் புளித்த வாடை. விரல் நீளம் வந்திருந்த முளைகள் எல்லாச் சட்டிகளிலும் அடித்தண்டு குழைந்து ஒன்றன்மேல் ஒன்றாகச் சாய்ந்து கிடந்தன. ஒரு சட்டியைத் தொட்டுப் பார்த்தாள். அடுப்பிலிருந்து இறக்கி வைத்தது போலச் சுட்டது.

தாராவியில் மாளா என்றால் தரைவீட்டின் தலைமேல் பலகையும் தகரமும் வைத்துக் கட்டிய இன்னொரு அறை. ஏறுவதற்கு ஓர் இரும்பு ஏணி. நிமிர்ந்தால் கூரை மண்டையில் இடிக்கும். முளைப்பாரி இருட்டில், ஆள் நடமாட்டம் இல்லாத இடத்தில் வளர வேண்டும் என்பது வழக்கம். இரண்டே அறை உள்ள அந்த வீட்டில் அப்படி ஓர் இடம் மாளா ஒன்றுதான். போன வருஷமே இரண்டு சட்டி அழுகிப்போயின. மற்ற சட்டிகளிலிருந்து கொஞ்சம் கொஞ்சம் பிடுங்கி நட்டுச் சமாளித்துவிட்டாள். இந்த வருஷம் பிடுங்கி நட ஒரு சட்டிகூட மிஞ்சவில்லை.

கீழே இறங்கியதும் அவள் புருஷன் இசக்கிதுரை, பாரி எப்படி இருக்கிறது என்று கேட்டார். இருக்கிறது என்றாள். அன்று முழுவதும் ஏணிப் பக்கம் யாரையும் அண்டவிடவில்லை.

களக்காட்டுப் பக்கத்துக் கிராமத்திலிருந்து கல்யாணமாகி மும்பைக்கு வந்தவள் சொர்ணம்மாள். மாதுங்காவில் ஒரு மெஸ்ஸில் காய் நறுக்கும் வேலை. சித்திரை பிறந்தால் மெஸ்ஸுக்கு லீவு சொல்லிவிட்டு, காலில் செருப்பு இல்லாமல், ஒருவேளைச் சாப்பாட்டோடு, சந்து அம்மன் கோயிலுக்குப் பாரி வளர்ப்பாள். கும்பார்வாடாவில் குஜராத்திக் குயவர்களிடம் சட்டி வாங்குவாள். எருவுக்குத் தபேலா என்கிற மாட்டுக்கொட்டகையில் எருமைச் சாணி. அவள் கை பட்டால் முளைக்கும் என்று சந்துப் பெண்கள் நம்பினார்கள். அவளும் நம்பினாள். பயறு முளைக்க ஈரமும் அளவான சூடும் போதும், அம்மன் வேண்டியதில்லை என்று அவளிடம் வாதாடிப் பயனில்லை. இந்த வருஷம் அவளுக்கு அந்த நம்பிக்கை கூடுதலாகவே தேவைப்பட்டது. மருமகள் மாரிசெல்விக்கு மாதம் எட்டு. தாய் இல்லாத பெண். அம்பர்நாத்தில் தகப்பன் மட்டும், அவரும் பேக்டரி ஷிப்டில். பிரசவம் மாமியார் வீட்டில்தான் என்று முடிவாகியிருந்தது. தாயும் பிள்ளையும் நல்லபடியாகப் பிரிய வேண்டும் என்று நேர்ந்துகொண்டுதான் இந்த வருஷப் பாரியைச் சொர்ணம்மாள் போட்டாள். அதனால் அழுகிய சட்டிகளைப் பார்த்ததும் அவள் மாரிசெல்வியின் வயிற்றைத்தான் நினைத்தாள்.

ஆனால் அதை வெளியே சொல்ல முடியாமல் போனதற்குக் காரணம் அம்மன் அல்ல. அரசியல்.

சந்து இரண்டாகப் பிளந்து ஒன்றரை வருஷம் ஆகிறது. நாலு சந்துகளை இடித்துவிட்டு மாடிக் கட்டடம் கட்டித் தருவதாக ஒரு பில்டர் வந்தான். வரட்டும் என்றவர்களை மாடி கோஷ்டி என்றார்கள். வரக்கூடாது என்றவர்களை மண் கோஷ்டி என்றார்கள். இரண்டு பக்கமும் நியாயம் இருந்தது. பொதுக் கக்கூஸ் வரிசையில் பிள்ளைகளோடு நின்று சலித்தவர்கள் மாடி கேட்டார்கள். மாளாவில் குடியிருப்பவர்களுக்குக் கணக்கில் வீடு கிடையாது, எங்கேயோ ஊருக்கு வெளியே தள்ளிவிடுவார்கள் என்று பயந்தவர்கள் மண்ணைப் பிடித்துக்கொண்டார்கள். இசக்கிதுரை மண் கோஷ்டியின் கமிட்டியில் இருந்தார். எண்ணெய் டின்களைக் கழுவி நிமிர்த்தி விற்கும் பட்டறையில் அவருக்கு வேலை. சின்ன வயதில் அவர் அப்பா போட்ட குடிசையை முனிசிபாலிட்டி வண்டி திரும்பத் திரும்ப இடித்துத் தள்ளியதைப் பார்த்தவர். லாரி பின்னோக்கி வரும் சத்தம் கேட்டால் இன்றைக்கும் எழுந்து வாசலுக்கு வந்துவிடுவார். அவர் பயம் பொய் அல்ல.

அதுவரை அது நேர்மையான சண்டை. பிறகு அதற்குள் வெயில் வந்தது.

மாடி கோஷ்டிக்குத் தலைவன் நெல்லையப்பன், மொபைல் கடை வைத்திருப்பவன். ஒரு ஞாயிற்றுக்கிழமை மைக் பிடித்து, உலகம் சூடாகிவிட்டது, காலநிலை மாறிவிட்டது, தகரத்துக்குக் கீழே இனி மனிதன் வாழ முடியாது, சீக்கிரம் பில்டருக்குச் சம்மதக் கையெழுத்துப் போடுங்கள் என்றான். முதல் மூன்றும் உண்மை. நாலாவதை விற்பதற்காக அந்த மூன்றையும் கூவினான். மறுவாரம் மண் கோஷ்டியின் தலைவர் வானமாமலை பதில் கூட்டம் போட்டார். ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர், கோயில் கொடை நடத்தும் சந்துச் சங்கத்தின் தலைவர், சந்து முழுவதும் அண்ணாச்சி என்று கூப்பிடும் மனிதர். காலநிலை மாற்றம் என்பது நம்மை விரட்டப் பில்டர் கண்டுபிடித்த வியாதி, நம் அப்பன் காலத்திலும் இதே சூரியன்தான் இருந்தது என்றார். அவ்வளவுதான். அன்றிலிருந்து வெயில் மாடி கோஷ்டியின் சொத்து. வெயில் இல்லை என்பது மண் கோஷ்டியின் கொள்கை. உண்மையை ஒரு கோஷ்டி கையில் எடுத்துவிட்டால் அடுத்த கோஷ்டி பொய்யைத்தான் எடுத்தாக வேண்டும் என்று எந்தச் சட்டத்தில் எழுதியிருக்கிறது?

பிறகு நடந்ததெல்லாம் கேலிக்கூத்து. சந்தில் யாராவது துண்டால் முகத்தைத் துடைத்து, என்ன வெக்கை என்று வாய் தவறிச் சொல்லிவிட்டால், “என்ன வே, கையெழுத்து போட்டாச்சா?” என்று ஒரு குரல் வரும். மாடி கோஷ்டியில் ஒருவர் ராத்திரி கடல்காற்று நன்றாக வந்தது என்று சொல்லி, இரண்டு நாள் துரோகி ஆனார். போனுக்கு வரும் செய்திகளும் அப்படியே பிரிந்தன. ஒரு பக்கத்தில் உருகும் பனிமலை. இன்னொரு பக்கத்தில் வெள்ளைக்காரன் நம்மை ஏமாற்றும் கதை. இரண்டையும் பார்த்துக்கொண்டே இரண்டு கோஷ்டியும் ஒரே தகரத்தின் கீழ் வெந்தது.

அந்தச் சந்தில் உமைரா என்று ஒரு பெண். மேலப்பாளையத்துக் குடும்பம், வீடு வீடாகப் போய்க் கர்ப்பிணிகளையும் குழந்தைகளையும் பார்க்கும் ஆரோக்கிய சேவிகா. மாரிசெல்வியைப் பார்க்க வந்தவள், வெயில் கணக்கெடுக்க ஒரு தெர்மாமீட்டரை மாளாவில் மாட்டிவிட்டுப் போனாள். அந்த எண் எதிராளி கையில் சிக்கினால் வீடு போய்விடும் என்று இசக்கிதுரை அதைக் கழற்றி, துணியில் சுற்றிப் பெட்டிக்குள் வைத்தார். உமைரா மூலமாகவே ஒரு தொண்டு நிறுவனம் தகரக் கூரைகளுக்கு அடிக்க வெள்ளைப் பெயிண்ட் டிரம்களை இலவசமாக அனுப்பியது. அந்தப் பூச்சு அடித்தால் வெயில் திரும்பிப் போகும், வீட்டுக்குள் சூடு ஓரளவு தணியும். மண் கோஷ்டி அதைத் தொடவில்லை. அடித்தால் சூடு இருக்கிறது என்று ஒப்புக்கொண்டதாகிவிடுமாம். மாடி கோஷ்டியும் தொடவில்லை. சூடு தணிந்துவிட்டால் யார் கையெழுத்துப் போடுவார்கள்? வேறு எதிலும் ஒத்துப்போகாத இரண்டு பேரும் இதில் மட்டும் ஒற்றுமையாக இருந்தார்கள். டிரம்கள் சங்கத்துக் கொட்டகையில், கொடைக்கு எடுக்கும் அண்டா குண்டாக்களுக்குப் பின்னால் பூட்டிக் கிடந்தன.

கொடைக்குக் கால்நாட்டிய அன்று வானமாமலை மைக்கில் ஒரு பந்தயம் கட்டினார்.

“இங்க மனுசன் இருக்க முடியாதுன்னு சொல்லுதானுவ. நம்ம சந்துல பாரி முளைக்கும்லா, அத வந்து பாக்கச் சொல்லு. பயிரு நிக்கிற எடத்துல மனுசன் நிக்க மாட்டானா?”

கைத்தட்டல் அடங்க நேரமாயிற்று. கூட்டத்தில் எல்லோரும் சொர்ணம்மாளைத் திரும்பிப் பார்த்தார்கள். அன்று அவளுக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

இப்போது அந்தச் சாட்சி மாளாவில் அழுகிக் கிடந்தது.

ரொம்ப நேரம் மறைக்க முடியவில்லை. மறுநாள் காலையில் நாற்றம் ஏணி வழியாக இறங்கி வந்துவிட்டது. இசக்கிதுரை மேலே போய்ப் பார்த்துவிட்டு வந்து, சட்டையை மாட்டிக்கொண்டு போய் வானமாமலையைக் கூட்டிவந்தார். அண்ணாச்சி ஏணியில் பாதி ஏறித் தலையை மட்டும் உள்ளே நீட்டினார். இறங்கும்போது அவர் கழுத்தெல்லாம் வேர்த்து வடிந்தது. துண்டால் துடைத்துக்கொண்டார். வெக்கை என்று மட்டும் சொல்லவில்லை.

“வீட்ல தீட்டு ஏதும் பட்டுச்சா, தங்கச்சி?” என்று மெதுவாகக் கேட்டார். கேட்கும்போது அவர் கண், தரைவீட்டில் ஃபேனுக்குக் கீழே காலை நீட்டி உட்கார்ந்திருந்த மாரிசெல்வியின் மேல் போய் நின்றது.

சொர்ணம்மாளுக்கு முன்னால் இரண்டே பதில்கள் இருந்தன. வெக்கையில் செத்தது என்றால் புருஷன் கமிட்டியில் தலைகாட்ட முடியாது. அவளே மாடி கோஷ்டிக்குச் சாட்சி சொன்னவள் ஆவாள். தீட்டு என்றால் பழி மருமகள் தலையிலும் இன்னும் பிறக்காத பிள்ளையின் தலையிலும் விழும். பிறகு பிரசவத்தில் ஒரு சின்னக் கோளாறு வந்தாலும் ஊரே அதைத்தான் பேசும். நடந்த ஒன்றுக்கு உள்ள ஒரே காரணத்தைச் சொல்ல அந்த வீட்டில் இடமில்லை.

“தெரியலையே அண்ணாச்சி” என்றாள்.

அண்ணாச்சி அதற்கு மேல் துருவவில்லை. அவருக்கும் காரணம் தெரிந்துதான் இருந்தது. யோசனையோடுதான் வந்திருந்தார்.

“முளைகட்டுன பயறா வாங்கிப் போட்டா கொடைக்குள்ள எழும்பிரும். இந்தத் தரைவீட்லயே வச்சிருவோம், ஃபேன் இருக்கு. மருமவ அதுவரைக்கும் மேல இருந்துக்கிடட்டும். நாலஞ்சு நாள்தான.”

மாளாவின் சூடு பயறுக்கு ஆகாது என்று அவர் வாயால் சொல்லவில்லை. பயறைக் கீழே இறக்கிவிட்டு, பிள்ளைத்தாய்ச்சியை மேலே ஏற்றச் சொன்னார். அவ்வளவுதான்.

சொர்ணம்மாள் ஒப்புக்கொண்டாள். நல்ல மாமியார்தான், மருமகளைப் பெற்ற பெண் போலப் பார்த்துக்கொண்டவள்தான். ஆனால் பாரி இல்லாமல் கொடை நடந்தால் நேர்ச்சை பொய்த்துவிடும், பிரசவத்தில் அது வந்து நிற்கும் என்ற பயம் அவளை நெரித்தது. பிள்ளையைக் காப்பாற்ற நேர்ந்துகொண்ட பாரியைக் காப்பாற்ற, பிள்ளையைச் சுமந்தவளைத் தகரத்துக்கடியில் அனுப்பினாள். மாரிசெல்வியும் தடுக்கவில்லை. நான் இருந்துக்கிடுதேன் அத்த, பகலில் முக்கால்வாசி வெளியேதானே உட்காரப்போகிறேன் என்றாள். கோபர்கைரனேயில் ஒரு குடோனில் வேலை பார்க்கும் மகன் ஹரி, வீட்டுக்கு வந்ததும் அப்பாவிடம் இரண்டு வார்த்தை சத்தம் போட்டான். பிறகு போய் ஒரு டேபிள் ஃபேன் வாங்கிவந்தான். அது மாளாவின் சூட்டை எடுத்து அவள் முகத்தில் அடித்தது.

உமைரா மட்டும் வாசலில் நின்று சொல்லிப் பார்த்தாள். “சொர்ணக்கா, இந்தப் புள்ளைய மேல ஏத்தாதிய. பயறு இன்னொரு தடவ போட்டுக்கிடலாம்.” சொர்ணம்மாள் பதில் சொல்வதற்குள் இசக்கிதுரை குறுக்கே விழுந்தார். பெயிண்ட் கொண்டுவந்தவள் மாடி ஆளாகத்தான் இருப்பாள் என்பது அவர் கணக்கு. எங்கள் வீட்டு விஷயத்தில் வந்து வம்பு லஃப்டா பண்ணாதே என்று அனுப்பிவிட்டார்.

புதுப் பாரி நன்றாக எழும்பியது. ஃபேன் காற்றில், ஈரச் சாக்கு மறைப்புக்குள், வெளிறிய மஞ்சளும் பச்சையுமாக, ஒரு தண்டு சாயாமல் நிமிர்ந்து வந்தது. அதைப் பார்க்கும்போதெல்லாம் சொர்ணம்மாளுக்கு மனம் நிறைந்தது. அதே நேரத்தில் காது கூரைக்குப் போனது. பலகை முனகினால் மூச்சு வந்தது. முனகாவிட்டால் அண்ணாந்து கேட்டாள்.

“ஏளா, அசையுதா?”

“அசையுது அத்த.”

காலையில் கேட்டாள். தண்ணீர் பிடித்து வந்ததும் கேட்டாள். சாயங்காலம் பெண்கள் பாரியைச் சுற்றிக் கும்மியடித்துக் கலைந்ததும் கேட்டாள். பதில் நாளுக்கு நாள் மெலிந்து வந்தது. வெளியே உட்காருகிறேன் என்றவள், சந்தில் கேட்ட கிண்டலால் அதையும் விட்டுவிட்டாள். “மண் கோஷ்டி வீட்டு மருமவளுக்கே உள்ள இருக்க முடியல போல” என்று யாரோ சிரித்தார்களாம். மாமனாருக்குக் கெட்ட பேர் வேண்டாம் என்று மாளாவுக்குள்ளேயே கிடந்தாள்.

கொடைக்கு இரண்டு நாள் இருக்கையில், மத்தியானம், சொர்ணம்மாள் பாரிக்குத் தண்ணீர் தெளித்துக்கொண்டே கேட்டாள். பதில் இல்லை. தூங்குகிறாள் என்று நினைத்து இன்னும் இரண்டு சட்டிக்குத் தெளித்தாள். மறுபடியும் கூப்பிட்டாள். பிறகு செம்பைப் போட்டுவிட்டு ஏறினாள்.

மாரிசெல்வி சுவரோரம் ஒருக்களித்துக் கிடந்தாள். முகம் சிவந்து, உடம்பு காய்ந்து, தொட்டால் கொதித்தது. ஒரு பொட்டு வேர்வை இல்லை. கண் திறந்திருந்தது, ஆனால் சொர்ணம்மாளைப் பார்த்து, செத்துப்போன தன் தாயைக் கூப்பிடுவது போல, அம்மா, அம்மா என்றாள்.

சொர்ணம்மாள் போட்ட சத்தத்தில் சந்து ஓடிவந்தது. போர்வையில் வைத்து ஏணி வழியாக இறக்கியபோது ஒரு முனையை மண் கோஷ்டி ஆள் பிடித்திருந்தான், இன்னொரு முனையை மாடி கோஷ்டி ஆள். உமைரா ஃபேனுக்குக் கீழே கிடத்தச் சொன்னாள். ஃபேனுக்குக் கீழே பாரி இருந்தது. பாரி வைத்த இடத்தில் எப்படி என்று ஒரு பெண் இழுத்தாள். சொர்ணம்மாள் சட்டிகளைக் காலால் தள்ளி இடம் செய்தாள். ஒன்று உருண்டு உடைந்தது. பாரிக்கென்று பிடித்து வைத்திருந்த குடத்துத் தண்ணீரை எடுத்து மருமகளின் தலையிலும் கழுத்திலும் ஊற்றினாள். ஆட்டோ வரும்வரை உமைரா ஈரத்துணியை மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டிருந்தாள்.

ஆஸ்பத்திரியில் ஓர் இளம் டாக்டர் வயிற்றின் மேல் கருவியை வைத்து நகர்த்தினாள். ஒன்றும் கேட்கவில்லை. இன்னொரு இடத்தில் வைத்தாள். சொர்ணம்மாள் கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அப்போது அவள் அம்மனை நினைக்கவில்லை; வீட்டில் ஃபேன் காற்றில் சுகமாக நிற்கும் பயறை நினைத்தாள். மூன்றாவது இடத்தில், ரயில் தூரத்தில் வருவது போல, டக் டக் என்று கேட்டது. டாக்டர் இந்தியில் சொன்னதன் சாரம் இதுதான்: சூடு தாங்காமல் விழுந்திருக்கிறாள், இப்போதைக்குத் தாயும் பிள்ளையும் தப்பித்தார்கள், இன்னொரு தடவை தாங்க மாட்டார்கள், வீட்டைக் குளிர்ச்சியாக வையுங்கள். அந்தக் கடைசி வாக்கியத்தை அவள் சுலபமாகச் சொல்லிவிட்டுப் போனாள்.

வராந்தாவுக்கு முதலில் வந்தவர் வானமாமலை. உண்மையாகவே கலங்கிப்போயிருந்தார். ஆனால் போகும்போது, வெளியே யாராவது கேட்டால் பி.பி. என்று சொல்லிவிடுவோம் தங்கச்சி என்றார். அடுத்து நெல்லையப்பன் ஆரஞ்சுப் பழப் பையோடு வந்து, போனை எடுத்து நீட்டினான்.

“மதினி, வெயில்லதான் விழுந்தான்னு ரெண்டே வார்த்த சொல்லுங்க. நாளைக்கே அவ்வளவு பேரும் கையெழுத்து போட்ருவாவ.”

“போட்டா வீடு என்னைக்குக் குடுப்பாவ?”

“நாலஞ்சு வருசம் ஆகும் மதினி.”

“அவளுக்கு இன்னும் நாலு வாரம்கூட இல்ல” என்றாள் சொர்ணம்மாள். “அந்த வெள்ளப் பெயிண்டு வந்துச்சே, அத ஏன் வேண்டாம்னிய?”

அதை அடித்தால் சூடு கொஞ்சம் குறையும், குறைந்தால் பிறகு, என்று ஆரம்பித்தவன் போனைப் பைக்குள் போட்டுக்கொண்டான்.

கொடையன்று காலையில் மாரிசெல்வியை வீட்டுக்கு அனுப்பினார்கள். தரைவீட்டில் படுக்கவைத்து, ஜன்னலுக்கு ஈரச் சாக்கைத் தொங்கவிட்டாள் சொர்ணம்மாள். சாக்கு கால் மணி நேரத்தில் காய்ந்தது. மறுபடி நனைத்தாள். இரண்டு நாளும் பக்கத்து வீட்டுப் பெண் தண்ணீர் விட்டிருந்ததால், மூலையில் மிச்சச் சட்டிகளில் பாரி முழங்கை உயரம் நின்றது. இவ்வளவு அழகான பாரி அந்தச் சந்தில் சமீப வருஷங்களில் வந்ததில்லை. பெண்கள் வந்து எடுத்துத் தலையில் வைத்தார்கள். முதல் சட்டி சொர்ணம்மாளுடையது. உமைராவை மருமகளுக்குப் பக்கத்தில் உட்காரச் சொல்லிவிட்டு, தூக்கி வைத்துக்கொண்டு நடந்தாள்.

கோயில் முன்னால் வானமாமலை மைக்கோடு நின்றார். நெல்லையப்பனின் ஆட்களும் எதிரே நின்றிருந்தார்கள். கொடைக்கு யாரும் வராமல் இருக்க மாட்டார்கள். பாரி வரிசையைப் பார்த்ததும் அண்ணாச்சியின் குரல் ஏறியது. பார்த்தீர்களா, நம் மண்ணில் பயிர் நிற்கிறது, சூடு சூடு என்றவர்கள் நன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். கைதட்டினார்கள். இசக்கிதுரையும் தட்டினார், தலையைக் குனிந்துகொண்டு.

தலையில் சட்டியோடு நின்ற சொர்ணம்மாளுக்கு அந்தக் கைத்தட்டலில் தன் மருமகளின் பதில் கேட்காமல் போன மத்தியானம் நினைவுக்கு வந்தது. அந்தச் சட்டியை இப்போது அம்மன் முன்னால் இறக்கினால் போதும். நேர்ச்சை முடியும். புருஷன் மானம் நிற்கும். அடுத்த வருஷமும் இதே சந்தில், இதே தகரத்தின் கீழ், வெயில் இல்லை என்று இதே பயறு சாட்சி சொல்லும்.

அவள் சட்டியை அம்மன் முன்னால் இறக்கவில்லை. வானமாமலையின் காலடியில் இறக்கினாள். உரக்கப் பேசவில்லை. மைக் பக்கத்தில் இருந்ததால் எல்லோருக்கும் கேட்டது.

“மொதப் பாரி மேல வெந்து செத்துப்போச்சு அண்ணாச்சி. இது ஃபேன் காத்துல வளந்தது. என் மருமவள அந்த வெக்கையில ஏத்திவிட்டுட்டு வளத்தேன். நான்தான் ஏத்துனேன். நீங்க சொன்னிய, நான் கேட்டேன்.”

யாரோ மைக்கை அணைத்தார்கள். வில்லுப்பாட்டுக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பின்னாலிருந்து அந்தப் பழைய கேலி வந்தது, இந்தத் தடவை சிரிப்பில்லாமல்.

“கையெழுத்து போட்டாச்சா, சொர்ணம்?”

“போடல. போடவும் மாட்டேன். வீட்டயும் விட மாட்டேன், வெக்கை இல்லன்னும் சொல்ல மாட்டேன்” என்றாள்.

போனை நீட்டிக்கொண்டு முன்னால் வந்த நெல்லையப்பனுக்கு அந்தப் பதிலின் முதல் பாதி உதவவில்லை. வானமாமலைக்குப் பின்பாதி உதவவில்லை. இரண்டு கோஷ்டிக்கும் பயன்படாத ஓர் உண்மையை அந்தச் சந்து அன்றுதான் முதன்முதலாகக் கேட்டது.

அண்டாக்கள் எடுப்பதற்காகச் சங்கத்துக் கொட்டகை திறந்து கிடந்தது. சொர்ணம்மாள் நேராக உள்ளே போய், ஒரு டிரம்மைச் சாய்த்து உருட்டிக்கொண்டு வந்தாள். யாரும் தடுக்கவில்லை, யாரும் கையும் கொடுக்கவில்லை. வெறுங்காலோடு, விரத வயிற்றோடு, சந்து முழுவதும் அதை உருட்டிக்கொண்டு போய்த் தன் வாசலில் நிறுத்தினாள்.

அன்று அதற்கு மேல் ஒன்றும் செய்ய முடியவில்லை. தகரம் காலை வைக்க முடியாத சூட்டில் இருந்தது. சாயங்காலம் வரை வாசலில் பேச்சு ஓடியது. பில்டரிடம் காசு வாங்கிவிட்டாள் என்றது ஒரு வாய். கொடையைக் கெடுத்தவள், அம்மன் சும்மா விடாது என்றது இன்னொன்று. அடித்தால் சுரண்டிவிடுவோம் என்று யாரோ ஒருவன் சொல்லிக்கொண்டே போனான். இசக்கிதுரை வீட்டுக்கு வந்து, சாப்பிடாமல், அவள் பக்கம் திரும்பாமல் படுத்துவிட்டார்.

மறுநாள் விடிந்ததும் சொர்ணம்மாள் சேலையை வரிந்து கட்டிக்கொண்டு, ஒரு வாளியில் பெயிண்டோடு கூரைக்கு ஏறினாள். பிரஷ் இல்லை, புது விளக்குமாறு ஒன்றை வெட்டி வைத்துக்கொண்டாள். சுற்றிலும் துருவேறிய தகரம், அதன்மேல் கல், டயர், நீலத் தார்ப்பாய். நடுவில் ஒரு வெள்ளைத் துண்டு விரிந்துகொண்டே வந்தது. கீழே சந்தில் ஆட்கள் நின்று அண்ணாந்து பார்த்தார்கள். பாதி முடிவதற்குள் வெயில் ஏறிவிட்டது. கண் இருட்டிக்கொண்டு வந்தது. இறங்கி வந்து மருமகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். கையெல்லாம் வெள்ளை.

கூரையில் யாரோ நடக்கும் சத்தம் கேட்டது.

சொர்ணம்மாள் கூரையைப் பார்த்து அண்ணாந்தாள். சுரண்ட வந்துவிட்டார்கள் என்று நினைத்தாள். தகரம் மடங்கி நிமிர்ந்தது. வாளியை இழுத்தார்கள். பிறகு ஓர் இருமல், அவளுக்குத் தெரிந்த இருமல். “கோணல்மாணலா இழுத்து வச்சிருக்கா” என்று யாரிடமோ சொல்வது போல இசக்கிதுரையின் குரல். அதன்பின் விளக்குமாறு தகரத்தில் தேய்க்கும் சத்தம்.

அவர் மனம் மாறிவிட்டார் என்று அவள் நினைக்கவில்லை. இறங்கி வந்து என்ன சொல்வாரோ, கமிட்டியில் அவரை என்ன செய்வார்களோ, இந்தப் பூச்சு எவ்வளவு சூட்டைத் தடுக்குமோ, ஒன்றும் தெரியவில்லை. மழைக்கு இன்னும் நிறைய நாள் கிடந்தது.

“அசையுதா?” என்றாள்.

மாரிசெல்வி அந்த வெள்ளைக் கையை எடுத்துத் தன் வயிற்றின் மேல் வைத்தாள். கொஞ்ச நேரம் ஒன்றும் இல்லை. மேலே தேய்ப்பு நிற்காமல் ஓடியது. பிறகு உள்ளிருந்து மெதுவாக ஓர் உதை.

சொர்ணம்மாள் கையை எடுக்கவில்லை. அடுத்த உதைக்காகக் காத்திருந்தாள்.